சுவருக்கு வயதேற்றும் கைகள்

ஒரு திரைப்படத்தின் கதை நிகழும் இடத்தைக் காலத்துக்கும் மாந்தரின் வாழ்நிலைக்கும் ஏற்பக் கட்டி எழுப்பும் பொறுப்பு கலை இயக்குநருடையது. படம் முழுவதற்குமான நிறம், கட்டடப் பாங்கு, புழங்குபொருள் ஆகியவற்றை இயக்குநரோடும் ஒளிப்பதிவாளரோடும் கலந்து முடிவு செய்பவர் தயாரிப்பு வடிவமைப்பாளர் எனப்படுகிறார். 1939இல் வெளிவந்த ‘கான் வித் த விண்ட்’ படத்தில் வில்லியம் கேமரன் மென்சீஸுக்கு வழங்கப்பட்ட இப்பட்டம் பின்னர் ஹாலிவுட்டில் நிலைபெற்றது. தமிழ்ப் படங்களிலோ இரு பொறுப்புகளையும் நெடுங்காலம் ஒருவரே சுமந்து வந்தார்.

சென்னை வடபழனி, சாலிகிராமம் பகுதிகளின் படப்பிடிப்புத் தளங்களில் செட் எழுவதை நேரில் காண்போருக்கு, அந்த ஒருவரின் கற்பனை எத்தனை கைகளைக் கடந்து உருப்பெறுகிறது என்பதே முதலில் புலப்படும். கலை இயக்குநரின் ஓவியத்தை உதவியாளர்கள் அளவு குறித்த வரைபடமாக்க, ரீப்பர் கட்டைகளால் சட்டம் கட்டி அதன்மேல் தச்சர்கள் பிளைவுட் அறைகிறார்கள்; தூண், போதிகை, சிற்பம் ஆகியவற்றைக் களிமண்ணில் உருவாக்கி, அச்செடுத்து, பிளாஸ்டர் ஆஃப் பாரிஸிலோ ஃபைபரிலோ வார்ப்பவர்கள் மோல்டர்கள்.

இவை அனைத்திலும் நுட்பமானது ‘ஏஜிங்’ என்று தொழிலில் வழங்கும் வேலை, அதாவது நேற்று எழுந்த சுவருக்குப் பல்லாண்டுப் பழமையை ஏற்றுவது. மழைநீர் எந்த வழியே வடிந்திருக்கும், கதவின் எந்த விளிம்பைக் கை அடிக்கடி தொட்டிருக்கும், விளக்குமாடத்துக்கு மேலே கரி எவ்வளவு உயரம் படிந்திருக்கும் என்பதையெல்லாம் எண்ணிப் பார்த்தே பெயின்டர் நீர்த்த வண்ணத்தைத் தெளித்து, துணியால் ஒற்றி, சில இடங்களில் சுரண்டி, மீண்டும் பூசுகிறார். அழுக்கை எங்கும் சமமாகப் பூசினால் பொய் உடனே வெளிப்பட்டுவிடும். ஒரு வீட்டின் கறை அங்கே வாழ்ந்தவர்களின் நடமாட்டத்தைப் பொறுத்தே அமைகிறது என்பதை இத்தொழிலாளர்கள் எந்தப் பாடநூலும் இல்லாமல் அறிந்து வைத்திருக்கிறார்கள். ‘நாயகன்’ (1987) படத்துக்காகச் சென்னையில் எழுப்பப்பட்ட தாராவிக் குடியிருப்பைப் பார்வையாளர்கள் பம்பாயாகவே ஏற்றுக்கொண்டதில் இந்த அறிவுக்குப் பெரும் பங்குண்டு. அப்படத்துக்காகவும், பின்னர் ‘இந்தியன்’ (1996) படத்துக்காகவும் தோட்டா தரணி சிறந்த கலை இயக்கத்துக்கான தேசிய விருது பெற்றார்.

இத்துறைக்கு வரும் வழிகள் பலவாயினும், ஓவியப் பயிற்சி பலருக்கும் வாயிலாக இருந்திருக்கிறது. கலை இயக்குநர் தோட்டா வெங்கடேஸ்வர ராவின் மகனான தரணியும், ‘மத்வாச்சார்யா’ (1986), ‘பாரதி’ (2000) ஆகிய படங்களுக்குத் தேசிய விருது பெற்ற பி. கிருஷ்ணமூர்த்தியும் சென்னையின் ஓவியக் கல்லூரியில் பயின்றவர்கள். எனினும் கோடு போடத் தெரிந்தால் மட்டும் போதாது. திரைக்கதையைக் காட்சி காட்சியாகப் பிரித்து இடத்தையும் பொருளையும் பட்டியலிடுவது, ஒதுக்கிய பணத்துக்குள் மரத்தையும் ஆள்நாளையும் கணக்கிடுவது, கேமரா நகர எந்தச் சுவர் கழன்று விலக வேண்டும் என்று முன்கூட்டியே தீர்மானிப்பது ஆகியவற்றை உதவியாளராகத் தளத்தில் நின்றே கற்க வேண்டியிருக்கிறது.

படப்பிடிப்பு முடிந்ததும் செட் பெரும்பாலும் பிரிக்கப்பட்டு, நல்ல நிலையில் உள்ள பலகைகள் அடுத்த வேலைக்குப் போகின்றன. தளவாடகை நாள்தோறும் ஏறுவதால் இதைக் குறையாகக் கொள்ள முடியாது. ஆனால் அச்செட்டின் வரைபடங்களும், சிறு மாதிரி உருக்களும், வண்ணக் குறிப்புகளும் அதனோடு சேர்ந்து மறைவது ஈடு செய்ய முடியாத இழப்பாகும். ஒவ்வொரு தயாரிப்பு நிறுவனமும் இவற்றைத் திரைப்படக் கல்லூரிகளுக்கு ஒப்படைப்பதை வழக்கமாக்க வேண்டும். கலை இயக்குநரின் பெயருக்குக் கீழே தச்சர், மோல்டர், பெயின்டர் ஆகியோரின் பெயர்களும் படிக்கும் வேகத்தில் திரையில் இடம்பெற வேண்டும்.