இரண்டு பெரிய கோயில்களுக்கு நடுவே

திருப்பதியில் பெருமாளைச் சேவித்துவிட்டு, ராகு கேது பரிகாரத்துக்காகக் காளஹஸ்திக்கு விரைகிற நம்மவர்களுக்கு ஏர்பேடு வெறும் பெயர்ப்பலகை. ரேணிகுண்டாவுக்கு அப்பால், கூடூர் ரயில்பாதையில் ஒரு சின்ன நிலையம், வெங்கடகிரிக்குப் பிரியும் சாலை, மண்டல அலுவலகம், டீக்கடைகள். சித்தூர் மாவட்டத்தில் இருந்த ஊர் 2022 ஏப்ரலில் புதிய திருப்பதி மாவட்டத்துக்குப் போனது. பார்க்க இவ்வளவுதான் என்று நினைத்துத்தான் எல்லோரும் வண்டியை நிறுத்தாமல் போகிறார்கள்.

நிறுத்த வேண்டிய முதல் காரணம், இந்த மண்டலத்தில் ஸ்வர்ணமுகிக் கரையில் இருக்கும் குடிமல்லம் கிராமம். பரசுராமேஸ்வரர் கோயில் கருவறை யானையின் முதுகு போல் பின்புறம் வளைந்த தூங்கானை மாடம். தரை தாழ்ந்திருக்கும், குனிந்து இறங்கிப் பார்க்க வேண்டும். சுமார் ஐந்தடி உயரக் கல்லிங்கம். அதன் முன்பக்கத்தில் ஒரு யட்சனின் தோள்மீது ஏறி நிற்கிறான் ஒரு வேடன். வலக்கையில் பின்னங்கால்களைப் பிடித்துத் தொங்கவிட்ட ஆடு, இடப்பக்கம் சிறு கலயமும் தோளில் மழுவும். மார்பில் பூணூல் இல்லை.

நாட்டில் இன்றும் பூஜையில் இருக்கும் மிகப் பழைய லிங்கங்களில் இது ஒன்று. கி.மு. 3ஆம் நூற்றாண்டிலிருந்து கி.மு. 1ஆம் நூற்றாண்டு வரை ஆளுக்கொரு காலம் சொல்கிறார்கள். இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் து. அ. கோபிநாத ராவ் எழுதிய பிறகுதான் வெளியுலகம் இதைக் கவனித்தது. 1973-74இல் தொல்லியல் துறையின் ஐ. கே. சர்மா அகழ்ந்தபோது, கோயில் எழும்புவதற்கு முன் லிங்கம் திறந்தவெளியில், சுற்றிலும் கல்வேலியோடு நின்றது தெரியவந்தது. ஊர்க்காரர்கள் சொல்லும் கணக்கு வேறு: லிங்கம் சிவன், வேடன் பரசுராமராகிய விஷ்ணு, கீழே இருப்பவன் பிரம்மாவின் அம்சமான சித்ரசேனன். ஒரே கல்லில் மும்மூர்த்தி. ஆராய்ச்சிக்காரர் ஏற்கமாட்டார், ஆனால் கதை நன்றாகத்தான் இருக்கிறது.

கல்வெட்டுகளைப் பார்த்தால் நமக்கு வேறொரு ஆச்சரியம். பல்லவர், பாணர், சோழர் காலத்துத் தமிழ்க் கல்வெட்டுகள். விக்கிரம சோழனின் ஒன்பதாம் ஆட்சியாண்டான 1127இல் கோயில் கற்றளியாக மாறியது. தொண்டை மண்டலத்தின் வடகோடி அல்லவா இது! இந்த ஸ்வர்ணமுகிதான் பெரிய புராணத்தின் பொன்முகலி. ஆற்றின் போக்கில் கீழே காளஹஸ்தியில் கண்ணப்பர் என்ற வேடர். மேலே குடிமல்லத்தில் வேடனாகவே நிற்கும் கடவுள். இரண்டையும் முடிச்சுப் போட ஆதாரம் என்னிடம் இல்லை, ஆசை மட்டும் இருக்கிறது.

அதே ஆற்றின் மணலுக்காக இந்த ஊர் அழுததும் உண்டு. 2017 ஏப்ரல் 21. மணல் கொள்ளையைத் தடுக்கக் கோரி முனகலபாளையம் விவசாயிகள் ஏர்பேடு காவல் நிலையத்தின் முன் கூடியிருந்தார்கள். கட்டுப்பாடிழந்த லாரி ஒன்று மின்கம்பத்தில் மோதிக் கூட்டத்துக்குள் புகுந்தது. நசுங்கியும் மின்சாரம் பாய்ந்தும் ஒரு டஜனுக்கு மேற்பட்டோர் இறந்தார்கள். மணல் போனால் கிணற்றில் தண்ணீர் போகும் என்று சொல்ல வந்தவர்கள்.

ஏர்பேட்டுக்கு வெளியூர்க்காரர் தந்த பெருமையும் உண்டு. கேரளத்தின் ஈழவக் குடும்பத்தில் 1885இல் பிறந்த மலையாள சுவாமி, திருமலையில் தவமிருந்துவிட்டு 1926இல் இங்கே வியாசாசிரமத்தை நிறுவினார். பெண்களுக்கும் எல்லாச் சாதியினருக்கும் வேதாந்தமும் சமஸ்கிருதமும் கற்கும் உரிமை உண்டு என்று நூல்களை ஆதாரம் காட்டி வாதாடியவர். அந்தக் காலத்தில், இவ்வளவு வைதீகமான வட்டாரத்தில், அதற்குத் துணிச்சல் வேண்டும். 1962இல் மறைந்தார், ஆசிரமம் தொடர்கிறது.

இப்போது ஐஐடியும், ஐசர் எனப்படும் இந்திய அறிவியல் கல்வி ஆராய்ச்சி நிறுவனமும் வந்துவிட்டன. 2015இல் தொடங்கியவை, அந்த ஐஐடிக்குத் தொடக்கத்தில் கைகொடுத்தது சென்னை ஐஐடி. அவற்றைப் பற்றிச் செய்தித்தாள்களே போதுமான அளவு எழுதிவிட்டன.

எழுதாதது பாப்பாநாயுடுபேட்டை. குடிமல்லத்துக்குப் போகும் வழியில் உள்ள இதே மண்டலத்து ஊர். உருகிய கண்ணாடியை இரும்புக் குழாயின் முனையில் திரட்டி, உள்ளே கம்பியை நுழைத்து, நீண்ட கண்ணாடிக் குழலாக இழுத்து, பொடியாக நறுக்கி, சாம்பலோடு மறுபடி சூடேற்றி விளிம்பு மழுங்கவைத்து மணி செய்யும் தொழில் இங்கே தலைமுறைகளாக நடந்தது. புதுச்சேரிக்குப் பக்கத்து அரிக்கமேட்டில் ஈராயிரம் ஆண்டுகளுக்கு முன் மணி செய்த முறையும் இதுதான் என்பது மணி ஆய்வாளர் பீட்டர் பிரான்சிஸின் கருத்து. அங்கிருந்து இந்தோனேசியா வரை கடல் கடந்த மணிகளின் நுட்பத்தை, அவர் போன்றவர்கள் 1980களில் தேடி வந்து கண்டது இந்த உலைகளின் முன்னால்தான்.

ஐசரில் வேதியியல் படிக்கும் பிள்ளைகளை ஆசிரியர்கள் ஒருநாள் பாப்பாநாயுடுபேட்டைக்குக் கூட்டிப்போகலாம். குழல் அறுந்துபோகாமல் இழுப்பதற்குக் கண்ணாடி எந்தப் பதத்தில் இருக்க வேண்டும் என்பதை, அந்த வேலை செய்த கைகள் இருக்கும்போதே கேட்டு எழுதிக்கொள்ள வேண்டும்.