மூணு நாள் லேட்டா பிறந்திருந்தா...

இந்த ஊருக்கு வந்து பதினொரு வருஷம் ஆச்சு. லோத்குண்டான்னு சொன்னா ஹைதராபாத்துல இருக்கிற பாதி பேருக்கே "அது எங்க இருக்கு?"ன்னு ஒரு சந்தேகம் வரும். செகந்திராபாத்ல இருந்து கரீம்நகர் ரோட்டைப் பிடிச்சு, திருமல்கிரி தாண்டி, அல்வால் வர்றதுக்குள்ள வண்டியை நிறுத்தினீங்கன்னா அதான் நம்ம பேட்டை. கண்டோன்மெண்ட் பக்கம்கிறதால மரமும் மைதானமும் இன்னும் கொஞ்சம் மிச்சம் இருக்கு. நமக்குப் பொழப்பு மருந்துக் கம்பெனியில, க்யூசி லேப்ல. மாத்திரையை உடைச்சு, கரைச்சு, உள்ள என்ன இருக்குன்னு பாக்கிற ஆணி. சொந்த ஊர் கடலூர்.

இன்னைக்கு எழுதப் போறது மருந்தைப் பத்தி இல்லை (அப்பாடான்னு நீங்க மூச்சு விடுறது கேக்குது). கால்பந்து பத்தி. அதுலயும் பொண்ணுங்க ஆடுற கால்பந்து. அதுலயும் பதினேழு வயசுக்குக் கீழ. அதுலயும் தகுதிச்சுற்று. உலகக் கோப்பையையே தூக்கம் வருதுன்னு பாக்காத ஆளு தகுதிச்சுற்று பத்தி எழுதுறானேன்னு நினைக்காதீங்க. காரணம் வீட்டுக்குள்ளயே இருக்கு.

என் பொண்ணு ஒன்பதாம் கிளாஸ் படிக்கிறா. லெஃப்ட் விங்ல ஆடுவா. பிறந்தது டிசம்பர் 29. இந்தத் தேதியோட அருமை எனக்கு ரெண்டு வருஷம் முன்னாடி வரைக்கும் தெரியாது. கால்பந்துல வயசுப் பிரிவுங்கிறது ஜனவரி 1-ல இருந்து கணக்கு. உதாரணத்துக்கு 2022-ல நடந்த 17 வயசுக்குட்பட்ட பெண்கள் உலகக் கோப்பையில 2005 ஜனவரி 1-க்கு அப்புறம் பிறந்தவங்கதான் ஆடலாம். 2004 டிசம்பர் 31 ராத்திரி பதினொண்ணேமுக்காலுக்குப் பிறந்திருந்தா, சாரிம்மா, வீட்டுக்குப் போ. டிசம்பர் கடைசியில பிறந்த புள்ளைக்கு இன்னொரு தொல்லையும் உண்டு. அதே வருஷம் ஜனவரியில பிறந்த புள்ளையோட ஒரே வரிசையில நிக்கணும். கிட்டத்தட்ட ஒரு வயசு வித்தியாசம். பதிமூணு பதினாலு வயசுல ஒரு வருஷம்னா அரை அடி உயரம் சார். எங்கம்மா இன்னைக்கும் "நாலு நாள் பொறுத்துப் பிறந்திருக்கக் கூடாதா"ன்னு பேத்தியைத் திட்டும். நாலு கூட வேணாம், மூணு போதும் :-)

வயசு கணக்குப் பாக்க ஆரம்பிச்சப்பதான் ஆப்பிரிக்கா பக்கம் போனேன். போனேன்னா கூகுள்ல. ஏன் ஆப்பிரிக்கான்னா, எங்க லேப்ல அப்போ பயிற்சிக்கு ஒரு தான்சானியா பொண்ணு இருந்தா. ஹைதராபாத்துல பார்மஸி படிக்க வந்தவ. 2022 அக்டோபர் 17, திங்கட்கிழமை காலையில அவ சிரிச்ச சிரிப்புக்கு ஹெச்பிஎல்சி மெஷினே ஒழுங்கா ஓடியிருக்கும். என்னம்மா விஷயம்னு கேட்டா, "சனிக்கிழமை நாங்க ஃப்ரான்ஸை 2-1 அடிச்சுட்டோம் சார்"ங்கிறா. அந்த உலகக் கோப்பை நம்ம நாட்டுலதான் நடந்துச்சு. புவனேஸ்வர், கோவா, நவி மும்பை. பக்கத்து வீட்டுல கல்யாணம் நடக்குது, நமக்குத் தெரியலை. வேற ஊர்ல இருந்து வந்தவ சொல்லித் தெரிஞ்சுக்க வேண்டியிருக்கு.

அவ சொன்ன கதையும் நான் அப்புறம் தேடிப் படிச்சதும் சேர்த்துச் சொல்றேன். ஆசியாவுல ஒரே நாட்டுல நாலஞ்சு டீமைக் கூட்டி வச்சு ஒரு வாரம் பத்து நாள்ல குழு ஆட்டங்களை முடிச்சுடுவாங்க. ஆப்பிரிக்காவுல 17 வயசுப் பொண்ணுங்களுக்கு அப்படி இல்லை. நம்ம ஆசியக் கோப்பை மாதிரி கண்டத்துக்குன்னு ஒரு கோப்பையும் இல்லை. ரெண்டு நாடு மோதும். உன் ஊர்ல ஒண்ணு, என் ஊர்ல ஒண்ணு. ரெண்டையும் கூட்டிப் பாத்துத் தோத்தவங்க வெளிய. ஜெயிச்சவங்க அடுத்த சுற்று. கடைசிச் சுற்றுல ஜெயிச்சா நேரா உலகக் கோப்பை. அவ்வளவுதான், கோப்பையும் கிடையாது மெடலும் கிடையாது, ஃப்ளைட் டிக்கெட்தான் பரிசு.

2022-ல ஆப்பிரிக்காவுக்கு மூணே இடம். தான்சானியா போட்ஸ்வானாவைத் தாண்டி, புருண்டியைத் தாண்டி, கடைசியில கேமரூனை ரெண்டு ஆட்டமும் சேர்த்து 5-1-ன்னு சாத்திட்டு வந்துச்சு. அந்த நாட்டுல இருந்து எந்தக் கால்பந்து அணியும் அதுக்கு முன்னாடி உலகக் கோப்பைக்குப் போனதில்லை. ஆம்பளைங்க டீமும் போனதில்லை. செரங்கெட்டி கேர்ள்ஸ்னு பேரு, காட்டுப் பேரை வச்சிருக்காங்க. மொராக்கோ கதை இன்னும் பதட்டம். கானாவுல போய் 2-0-ன்னு தோத்துட்டு, சொந்த ஊர்ல 2-0-ன்னு திருப்பிக் குடுத்து, பெனால்டியில தப்பிச்சு வந்தாங்க. நைஜீரியா எத்தியோப்பியாவை ரெண்டு ஆட்டத்துலயும் சேர்த்து ஒரே ஒரு கோல்ல தாண்டுச்சு. அந்த ஒரு கோல் போட்ட டீம்தான் நவி மும்பையில ஜெர்மனியை பெனால்டியில ஜெயிச்சு மூணாவது இடம் வாங்குச்சு.

இதுல இன்னொரு பக்கமும் இருக்கு. ஒவ்வொரு தடவையும் சில நாடுகள் அட்டவணையில பேரு வந்த பிறகு ஆடாமலேயே விலகிடும். எதிர் டீம் சும்மாவே அடுத்த சுற்றுக்குப் போயிடும். ரெண்டு ஊருக்கும் இருபது முப்பது பேரைக் கூட்டிட்டுப் போய் வரணும்னா சும்மாவா? வாக்-ஓவர்னு பேப்பர்ல ஒரு வார்த்தை. அந்த நாட்டுல பயிற்சி எடுத்த பொண்ணுக்கு அது ஒரு வார்த்தை இல்லை. அவ வயசு அதோட முடிஞ்சுது. பெரியவங்க டீம்னா நாலு வருஷம் கழிச்சு இன்னொரு தடவை முயற்சி பண்ணலாம். பதினேழு வயசு ஒரு தடவைதான் வரும்.

அந்தத் திங்கட்கிழமை ராத்திரிதான் நம்ம பொண்ணுங்க பிரேசிலோட ஆடி 5-0-ன்னு தோத்தாங்க. அதுக்கு முன்னாடி அமெரிக்காகிட்ட 8-0, மொராக்கோகிட்ட 3-0. மூணு ஆட்டம், பதினாறு கோல் வாங்கி, ஒண்ணு கூடப் போடலை. மறுநாள் அந்தத் தான்சானியாப் பொண்ணு என்கிட்ட வந்து ரொம்ப மெதுவாக் கேட்டா, "உங்க டீம் இதுக்கு முன்னாடி யார் கூட சார் தகுதிச்சுற்று ஆடுச்சு?" யார் கூடவும் இல்லை. போட்டி நடத்துற நாடுன்னு நேரா உள்ள விட்டாங்க. பயிற்சியாளர் தாமஸ் டென்னர்பி லேசுப்பட்ட ஆளில்லை. அதுக்கு முன்னாடி நைஜீரியா பெரியவங்க டீமைப் பயிற்சி குடுத்து 2018-ல ஆப்பிரிக்கக் கோப்பை வாங்கிக் குடுத்தவர். இத்தாலி, நார்வேன்னு கூட்டிட்டுப் போய் ஆட வச்சாங்க. எல்லாம் சரி. ஆனா தோத்தா வீட்டுக்குப் போகணும்கிற ஆட்டம் ஒண்ணு கூட ஆடாம நேரா அமெரிக்கா முன்னாடி போய் நின்னாங்க. நீச்சல் குளத்துல இறங்காம கடல்ல இறக்கி விட்ட மாதிரி.

அந்தப் பொண்ணுங்களைக் குத்தம் சொல்ல எனக்கு மனசு வராது. கேப்டன் அஸ்தம் ஓராவ்ன் ஜார்கண்ட்ல கும்லா மாவட்டத்துப் பொண்ணு. அவ கேப்டனான பிறகு அவ கிராமத்துக்கு ரோடு போட்டாங்க. அந்த ரோட்டு வேலையில அவ அப்பா அம்மாவே கூலிக்கு மண் சுமந்தாங்கன்னு பேப்பர்ல வந்துச்சு. அதே ஆகஸ்ட்ல ஃபிஃபா நம்ம சம்மேளனத்தைத் தடை பண்ணி, பதினோரு நாள் கழிச்சுத்தான் விட்டாங்க. உலகக் கோப்பையே கைநழுவிப் போற மாதிரி இருந்துச்சு. பெரியவங்க சண்டையில புள்ளைங்க வயசு ஓடிக்கிட்டு இருந்துச்சு.

அதுக்கும் முன்னாடி ஒரு கூட்டம் இருக்கு. அவங்களைப் பத்தி யாரும் பேசுறதில்லை. இந்த உலகக் கோப்பை முதல்ல 2020-ல இந்தியாவுல நடக்கிறதா இருந்துச்சு. கொரோனா வந்து 2021-க்குத் தள்ளி, அப்புறம் ரத்தே பண்ணி, 2022-ஐ இந்தியாவுக்குக் குடுத்தாங்க. ஆப்பிரிக்காவுல அதுக்குள்ள தகுதிச்சுற்று பாதி ஓடியிருந்துச்சு. ஜெயிச்ச டீம் எல்லாம் ஜெயிச்ச இடத்துலயே நின்னு போச்சு. 2022-க்கு 2005-ல பிறந்திருக்கணும். அப்போ 2003-லயும் 2004-லயும் பிறந்த பொண்ணுங்க? அவங்களுக்குப் போட்டி தள்ளி வைக்கப்படலை. இல்லாமலே போச்சு. 'ஒத்திவைப்பு'ங்கிற வார்த்தை பெரியவங்களுக்கு மட்டும்தான்னு எனக்கு அன்னைக்குத்தான் உறைச்சுது.

நல்ல சேதியும் இருக்கு. 2025 ஆகஸ்ட்ல யாங்கூன்ல நம்ம 20 வயசுக்குட்பட்ட பொண்ணுங்க இந்தோனேசியாவோட 0-0, துர்க்மெனிஸ்தானை 7-0, கடைசியில மியான்மரை அவங்க ஊர்லயே 1-0. இருபது வருஷம் கழிச்சு ஆசியக் கோப்பைக்குத் தகுதி. அதே வருஷம் அக்டோபர்ல பிஷ்கெக்ல 17 வயசுப் பொண்ணுங்க. கிர்கிஸ்தானை 2-1. அடுத்து உஸ்பெகிஸ்தான். முதல் பாதியில ஒரு கோல் வாங்கிட்டு, இரண்டாம் பாதியில தண்டமணி பாஸ்கேயும் அனுஷ்கா குமாரியும் ஆளுக்கொண்ணு போட்டு 2-1. அதுக்கு முன்னாடி 2005-ல அந்தக் கோப்பையில ஆடியிருக்கோம், ஆனா தகுதிச்சுற்று ஆடி ஜெயிச்சு உள்ள போனது இதுதான் முதல் தடவை. ஓசி டிக்கெட் இல்லை, சொந்தக் காசு. எங்க வீட்டுல அன்னைக்கு என் பொண்ணு போட்ட சத்தத்துல கீழ் வீட்டு ஆண்ட்டி கேஸ் சிலிண்டர்தான் வெடிச்சிடுச்சோன்னு மேல ஓடி வந்துட்டாங்க.

இப்ப வீட்டு விஷயம். இந்த ஊர்ல எட்டாம் கிளாஸ்லயே ஐஐடி ஃபவுண்டேஷன் சேக்கலைன்னா அக்கம்பக்கத்துல நம்மள ஒரு மாதிரிதான் பாப்பாங்க. லிஃப்ட்ல பாக்கிறவர் எல்லாம் "பாப்பா பாகா சதுவுதுந்தா?"ன்னு கேப்பார். "ஃபுட்பால் ஆடுதுங்க"ன்னு சொன்னா துக்கம் விசாரிக்கிற மாதிரி ஒரு தலையாட்டல். தங்கமணிக்கும் இதுல ஒரு பயம். நியாயமான பயம்தான். அடுத்த வருஷம் பத்தாவது. "சானியா, சிந்து கதையெல்லாம் இந்த ஊர்லயே இருக்குன்னு சொல்லாதீங்க, அவங்க ரெண்டு பேர். ஆடப் போனவங்க எத்தனை ஆயிரம் பேர்?"ன்னு கேட்டா. பதில் இல்லை என்கிட்ட. கடலூர் இந்துமதி கதிரேசனைச் சொன்னேன். எங்க ஊர்ப் பொண்ணு, இந்தியாவுக்கு ஆடி, தமிழ்நாடு போலீஸ்ல எஸ்ஐ ஆச்சு, 2019-ல மதுரை சேது எஃப்சிக்குக் கேப்டனா இருந்து இந்தியப் பெண்கள் லீக்கை ஜெயிச்சுக் குடுத்துச்சு. இந்தப் பக்கத்துல நிஜாமாபாத் சௌம்யா குகுலோத், 2024-25-க்கு இந்தியாவோட சிறந்த வீராங்கனை. "சரி, ரெண்டு நாலாச்சு"ன்னா தங்கமணி.

வயசுப் பிரிவுத் தேர்வு போன மாசம் நடந்துச்சு. பொண்ணு முதல் நாள் தாண்டிட்டா, ரெண்டாவது நாளும் தாண்டிட்டா. கடைசிப் பட்டியல்ல பேரு இல்லை. அவ இடத்துல எடுத்த பொண்ணு பிப்ரவரியில பிறந்தவ, நல்லா ஆடுறவ, தோள்பட்டை உயரம் கூட. அநியாயம்னு சொல்ல முடியாது. தேர்வுக்கு வந்த ஒரு பயிற்சியாளர் முதுகுல தட்டி "அடுத்த வருஷம் வாம்மா"ன்னார். நல்ல மனுஷன், நல்லதுக்குத்தான் சொன்னார். வண்டியில ஏறினதும் பொண்ணு சொன்னா, "அப்பா, அடுத்த வருஷம் இந்தப் பிரிவுல எனக்கு வயசு தாண்டிடும். டிசம்பர் 29." அல்வால் சிக்னல் வரைக்கும் ரெண்டு பேரும் எதுவும் பேசலை.

அன்னைக்கு ராத்திரி அவளே ஒரு நோட்டுல கணக்குப் போட்டா. முன்னாடி இந்த உலகக் கோப்பை ரெண்டு வருஷத்துக்கு ஒரு தடவை. 2022-க்கு 2005, 2024-க்கு 2007-ல பிறந்தவங்க. நடுவுல 2006-ல பிறந்த பொண்ணு பதினாறு வயசுல, தன்னை விடப் பெரியவங்களோட முட்டி மோதி இடம் பிடிச்சாத்தான் உண்டு, பதினேழு வயசுல அவளுக்குக் கோப்பையே இல்லை. 2025-ல இருந்து மாத்திட்டாங்க. மொராக்கோவுல 2029 வரைக்கும் வருஷா வருஷம், பதினாறு டீமுக்குப் பதிலா இருபத்து நாலு டீம். ஆப்பிரிக்காவுக்கு மூணு இடம் இருந்தது, 2025-ல நடத்துற மொராக்கோவையும் சேர்த்து அஞ்சு ஆச்சு. இனிமே எந்த வருஷம் பிறந்த பொண்ணுக்கும் பதினேழு வயசுல ஒரு கோப்பை இருக்கும். டிசம்பர் தொல்லை தீரலை. ஆனா ஒரு வருஷக் கதவு மூடினா ரெண்டு வருஷம் காத்திருக்க வேணாம்.

நோட்டைத் தங்கமணிகிட்ட காட்டினா. தங்கமணி ரொம்ப நேரம் பாத்துட்டு, "கணக்கு நல்லாத்தான் போடுற, பரீட்சையில மட்டும் ஏன் வரமாட்டேங்குது?"ன்னா. அதுக்கப்புறம் பேசி முடிவாச்சு. காலையில அஞ்சரையில இருந்து ஏழு வரைக்கும் மைதானம். பத்தாவது முடியிற வரைக்கும் சாயங்காலம் புத்தகம். ஞாயித்துக்கிழமை அவ இஷ்டம். ஐஐடி ஃபவுண்டேஷன் கிடையாது. கையெழுத்து மூணு பேரும் போட்டாச்சு. ஃப்ரிட்ஜ் மேல ஒட்டியிருக்கு.

டிஸ்கி: அஞ்சரை மணிக்குக் கூட்டிட்டுப் போறது யாருன்னு ஒப்பந்தத்துல எழுதலை. எழுதாமலே எல்லாருக்கும் தெரியும். லோத்குண்டாவுல டிசம்பர் மாசக் குளிர் எப்படி இருக்கும்னு வந்து பாருங்க மக்களே.