ஒரு வீட்டுப்பாடம்



அம்மா காலமானபோது மாலை போட ஒரு படம் தேடினேன். என் போனில் நிறையவே இருந்தன. எல்லாவற்றிலும், "நேரா நில்லும்மா, சிரி" என்று நான் நிற்கவைத்த அம்மா. திண்ணையில் முருங்கைக்கீரை ஆயும் அம்மா ஒன்றில்கூட இல்லை.

அதன்பிறகு படம் எடுக்கும் விதத்தை மாற்றிக்கொண்டேன். யாரையும் நிற்கச் சொல்வதில்லை. ஃபிளாஷ் போடுவதில்லை, ஜன்னல் வெளிச்சம் பக்கவாட்டில் விழுந்தால் தோலின் சுருக்கம்கூடத் தெரிகிறது. ஜூம் செய்தால் படம் மங்குகிறது. அதனால் இரண்டடி கிட்டே போகிறேன். குழந்தை என்றால் நானும் தரையில் உட்கார்ந்துவிடுகிறேன். பிரெஞ்சுப் புகைப்படக் கலைஞர் கார்த்தியே பிரெஸ்ஸோன் பெரும்பாலும் 50 மி.மீ. லென்ஸ் ஒன்றையே வைத்து எடுத்தவர்.

நேற்று என் மனைவி பூ கட்டுவதை எடுத்தேன். முகம் இல்லை, விரல்கள் மட்டும். "இதுல என்னங்க இருக்கு?" என்றாள். நான் பதில் சொல்லவில்லை.

உங்களுக்கு வீட்டுப்பாடம்: இன்றே உங்கள் வீட்டுப் பெரியவர் ஏதாவது வேலை செய்துகொண்டிருக்கும்போது ஒரு படம் எடுங்கள்.