கடிபொழில்

காரைக்கால் பகுதியில் நெடுங்காடு கொம்யூனைச் சேர்ந்த சிற்றூர் குரும்பகரம். காடு இன்று பெயரில்தான் இருக்கிறது. சுற்றிலும் காவிரி நீருக்குக் காத்திருக்கும் நெல்வயல்கள். திருநள்ளாற்றிலும் அப்படியே. அங்கே எம்பெருமான் தர்ப்பாரண்யேசுவரர், தர்ப்பை வனத்து ஈசர். அவ்வனத்தை அவர் திருநாமம் இன்னும் காத்துவருகிறது.

சென்ற மார்கழியில் குரும்பகரத்துத் திண்ணையில் அமர்ந்து திருமுறை ஓதிக்கொண்டிருந்தேன். பொழிலுக்கு முன்னே 'கடி' என்னும் அடைமொழி வந்தது. உடனிருந்த பேரன், "தாத்தா, பொழில் கடிக்குமா?" என்றான். நாற்பது ஆண்டுகள் ஓதிய வாய் அடைத்துப்போயிற்று. அச்சொல்லின் பொருளை நான் ஒருநாளும் எவரிடமும் கேட்டதில்லை.

ஊர் திரும்பியதும் இலக்கண நூல்களைப் புரட்டினேன். 'கடி' ஓர் உரிச்சொல். தொல்காப்பியம் அதற்குக் காப்பு, கூர்மை, அச்சம் முதலாகப் பத்துப் பொருள் கூறி, பின்னும் இரண்டைச் சேர்க்கிறது. மணம் அவற்றில் இல்லை. பவணந்தியாரின் நன்னூல் பதின்மூன்று பொருள் சொல்லும். அதில் 'விரை', அதாவது நறுமணம், இடம்பெறுகிறது. நாம் ஓதும் கடிபொழிலுக்கு மணம் கமழும் சோலை என்றே பெரும்பாலும் பொருள் கொள்வர்.

ஆயினும் காவலை விட்டுவிட எனக்கு மனமில்லை. கடிதல் என்றால் விலக்குதல். வேண்டாதாரை விலக்குவதே காவல். அரசரின் காவல்மரம் கடிமரம் எனப்பட்டது. கோட்டையைச் சூழ்ந்த காவற்காடு கடிமிளை. புறநானூற்றின் 21-ஆம் பாட்டில் ஐயூர் மூலங்கிழார் கானப்பேரெயிலைச் சூழ்ந்த கடிமிளையைக் காட்டுகிறார். வெயிலும் நுழையாத அடர்காடு அது. அந்தக் கானப்பேர்தான் சம்பந்தரும் சுந்தரரும் பாடிய இன்றைய காளையார்கோயில். பகைவர் அஞ்சிய கானம் அடியார் தொழும் தலமாயிற்று என எண்ணுகையில் மெய்சிலிர்க்கிறது.

பேரனுக்கு இவ்வளவும் சொல்லவேண்டுமே என்ற கவலையோடு தை மாதம் மீண்டும் குரும்பகரம் போனேன். விடியலில் கொல்லைப்புறம் அழைத்துச் சென்றேன். பூசைக்கென்று வளர்த்த பவளமல்லியை ஆடுகள் மேயாதிருக்க முள்வேலி கட்டியிருந்தார்கள். வேலியை எட்டுமுன்பே மணம் வந்துவிட்டது.

"இதுதான் கடிபொழில்" என்றேன்.

அவன் வேலியைத் தொட்டுப் பார்த்துக் கையை உதறிக்கொண்டான். "கடிக்கத்தான் செய்கிறது, தாத்தா" என்றான்.