நான் இட்ட புள்ளடி

மகனை நேசரியில் சேர்த்தபோது நிரப்பிக் கொடுத்த படிவத்தில் நான் பொய் எழுதினேன். சின்னமுத்து, கூவைக்கட்டு, ருபெல்லா மூன்றுக்கும் சேர்த்துப் போடும் எம்எம்ஆர் ஊசி இரண்டு தரமும் போட்டாயிற்றா என்று கேட்டிருந்தார்கள். ‘ஆம்’ என்ற கட்டத்தில் புள்ளடி இட்டேன். போட்டிருந்தது ஒன்றுதான்.

‘இல்லை’ என்று எழுதியிருந்தாலும் பிள்ளையைச் சேர்த்திருப்பார்கள். இங்கிலாந்தில் பள்ளிக்கோ நேசரிக்கோ போக எந்த ஊசியும் சட்டப்படி கட்டாயமில்லை. ஏன் போடவில்லை என்று யாராவது கேட்டால் சொல்ல என்னிடம் நேர்மையான பதில் இருக்கவில்லை. அதனால்தான் பொய்.

முதல் ஊசி போட்டு ஒரு வாரம் கழித்து அவனுக்குக் காய்ச்சல் காய்ந்தது. அப்படி வரலாம் என்று தாதி முன்கூட்டியே சொல்லித்தான் இருந்தார். இரண்டு வயதாகியும் அவன் சரியாகப் பேசவில்லை. “அந்த ஊசி போட்டாப் பிறகுதான் கன பிள்ளையள் கதைக்காமல் போனவையாம். பாத்துச் செய் பிள்ளை” என்றார் தெரிந்த அக்கா ஒருவர். அது நெஞ்சில் குத்தி நின்றுவிட்டது.

எனக்கு வாசிக்கத் தெரியும், வாசித்தேன். ஹாம்ஸ்டெட்டில் உள்ள ராயல் ஃப்ரீ மருத்துவமனையில் வேலை செய்த ஆண்ட்ரூ வேக்ஃபீல்ட், 12 பிள்ளைகளை வைத்து 1998இல் ‘லான்செட்’ இதழில் எழுதிய கட்டுரையிலிருந்து கிளம்பிய பயம் அது. 2010இல் இதழ் கட்டுரையைத் திரும்பப் பெற்றது. அதே ஆண்டு அவருடைய மருத்துவப் பதிவும் பறிக்கப்பட்டது. டென்மார்க்கில் ஆறரை லட்சத்துக்கும் மேற்பட்ட பிள்ளைகளைத் தொடர்ந்து கவனித்து, இந்த ஊசியால் ஆட்டிசம் வருவதில்லை என்று 2019இல் எழுதினார்கள். இவ்வளவையும் தெரிந்துகொண்ட பிறகும் இரண்டாவது ஊசி வேண்டாம் என்றே நினைத்திருந்தேன். அறியாமை என்று சொல்லித் தப்ப எனக்கு வழியில்லை.

அதைவிட மோசமானது பிறகு நடந்தது. மகன் பேசத் தொடங்கினான், தமிழும் ஆங்கிலமும் கலந்து வாய் ஓயாமல். பயம் போய்விட்டது. இரண்டாவது ஊசி அப்போது மூன்று வயது நான்கு மாதத்தில் போடுவது. கிளினிக்கிலிருந்து குறுஞ்செய்திகள் வந்தன. வேலை, சமையல், கணவருக்கு இரவு ஷிஃப்ட் என்று ஒவ்வொன்றையும் அழித்தேன். யாரும் வற்புறுத்தவில்லை என்பதே எனக்குப் போதுமாக இருந்தது.

ஜெர்மனியில் இருக்கும் மச்சாள் ஒருநாள் தொலைபேசியில் சொன்னாள், “இஞ்ச சின்னமுத்து ஊசி போட்ட அத்தாட்சி காட்டாட்டிப் பிள்ளையை கிண்டர்கார்டனில எடுக்க மாட்டினம்.” அங்கே 2020 மார்ச் முதல் அப்படிச் சட்டம். பிரான்சிலும் 2018 முதல் பிறந்த பிள்ளைகளுக்கு 11 நோய்களுக்கான தடுப்பூசிகளைக் கட்டாயமாக்கினார்கள். இங்கேயும் அப்படி இருந்தால் போட்டிருப்பேன் என்று அன்று என்னையே சமாதானப்படுத்திக்கொண்டேன். என் பிள்ளையைக் காக்க எனக்கு ஒரு சட்டம் தேவைப்பட்டிருக்கிறது.

2024இல் இங்கிலாந்தில் சின்னமுத்து பரவியது; ஆய்வுகூடத்தில் உறுதியானவர்கள் மட்டும் 2,911 பேர். அந்த வசந்தத்தில் நேசரியிலிருந்து கடிதம் வந்தது. ஒரு பிள்ளைக்கு நோய் கண்டிருக்கிறது, ஊசி முழுமையாகப் போடாத பிள்ளைகள் 21 நாள் வீட்டில் இருக்க வேண்டிவரலாம் என்று. மகனின் பெயர் அந்தப் பட்டியலில் இருக்கவில்லை. என் புள்ளடி அவனைக் காப்புப் பெற்றவன் ஆக்கியிருந்தது. மூன்று வாரச் சம்பளத்தைக் கணக்குப் பார்த்தேன், வாயைத் திறக்கவில்லை. அடுத்த நாளும் அவனைக் கொண்டுபோய் விட்டேன்.

அந்த வெள்ளிக்கிழமை சப்பல் ரோட்டில் கனகதுர்க்கை அம்மன் கோயிலுக்குப் போனோம். தங்கை தன் ஐந்து மாதக் குழந்தையோடு வந்திருந்தாள். மகன் ஓடிப்போய்க் குழந்தையின் கன்னத்தோடு கன்னம் வைத்தான். வழமையாக ஒரு வயதாகும் வரை குழந்தைக்கு இந்த ஊசி கிடையாது. சுற்றியுள்ளவர்கள் போட்டிருந்தால்தான் அதற்குக் காப்பு. சின்னமுத்து வந்தவர் அறையை விட்டுப் போன பிறகும் இரண்டு மணி நேரம் வரை கிருமி காற்றில் நிற்கும். தடிப்புத் தெரிய நான்கு நாள் முன்பே தொற்றும். எல்லாம் எனக்குத் தெரியும். அங்கேயும் நான் பேசாமல் நின்றேன்.

அம்மாவை நினைத்துக்கொண்டேன். போரில் ஊரே வெளியேறிய 1995 ஒக்டோபர் 30 இரவு நாங்களும் யாழ்ப்பாணத்தை விட்டு நாவற்குழிப் பாலம் தாண்டி நடந்தோம். அம்மா தையல் மெஷினை விட்டார், வளர்த்த ஆட்டை அவிழ்த்துவிட்டார். பிறப்புச் சான்றிதழ்களோடு எங்கள் கிளினிக் அட்டைகளையும் ஒரு சொப்பிங் பையில் சுற்றி இடுப்பில் செருகிக்கொண்டார். சாவகச்சேரிக்கு வந்ததும் எங்கே ஊசி போடுகிறார்கள் என்று விசாரித்தார். என் கிளினிக் வீட்டிலிருந்து நடக்கும் தூரத்தில் இருந்தது, காசும் கொடுக்கத் தேவையில்லை.

யாருக்கும் நோய் வரவில்லை. அதில் என் பங்கு எதுவும் இல்லை. கோயிலுக்குப் போன அடுத்த வாரம் மகனுக்கு இரண்டாவது ஊசி போடுவித்தேன்; ஏன் பிந்தியது என்று தாதி கேட்கவுமில்லை. நேசரிப் பொறுப்பாளரிடம் போய், படிவத்தில் எழுதியது பொய் என்று சொன்னேன். அவர் படிவத்தைத் திருத்தி, ஊசி போட்ட திகதியை எழுதிக்கொண்டார்.

தங்கையிடம் சொல்லத்தான் இவ்வளவு காலம் எடுத்தது. இதை எழுதி முடித்த பிறகு, அச்சுக்குக் கொடுக்கும் முன் சொன்னேன். “கோயிலில பிள்ளையோட கன்னம் வச்சது அண்டைக்கோ?” என்று மட்டும் கேட்டாள். ஓம் என்றேன். அவள் இன்னும் என்னோடு பழையபடி கதைப்பதில்லை.