அறுத்த வயலில் வேகும் மொச்சை

மும்பையின் இந்திய நுழைவாயில் படகுத்துறையில் ஏறினால், ஏறக்குறைய ஒரு மணி நேரத்தில் மாண்ட்வா வந்துவிடும். அங்கிருந்து அலிபாக் போகும் சாலை, ராய்கட் மாவட்டத்தின் நெல் வயல்கள் ஊடாகத் தெற்கே இறங்குகிறது. கிழக்கே சஹ்யாத்ரி மலை, மேற்கே அரபிக்கடல். நடுவில் இருக்கும் இந்த ஒடுங்கிய நிலம்தான் கொங்கண். ஜூனில் பிடிக்கும் மழை செப்டம்பர் வரை கொட்டித் தீர்க்கும். மாவட்டத்தில் ஆண்டுக்குச் சுமார் 3,000 மில்லிமீட்டர் மழை. அதன் பிறகு வானம் மூடிக்கொண்டால் அடுத்த ஜூன் வரை சொட்டு விழாது. பாசன வசதி இல்லாத வயல்களில் நெல் ஒரு போகம்தான்.

ஆனால், ஜனவரியில் அந்தப் பக்கம் போகிறவர்கள் வயல் சும்மா கிடப்பதைப் பார்க்க மாட்டார்கள். அரிதாள்களுக்கு நடுவே முழங்கால் உயரத்துக்கு மொச்சை பச்சைப்பசேலென்று நிற்கும். அந்திசாயும் நேரத்தில் ஏதாவது ஒரு வரப்போரம் புகை எழும். பக்கத்தில் போனால் நாலைந்து பேர் தீயைச் சுற்றி நிற்பார்கள். தீக்கு நடுவில் ஒரு மண்பானை கவிழ்ந்திருக்கும். அதன் பெயர் ‘போப்டி’. அலிபாக், பேண், ரோஹா வட்டாரங்களில் பனிக்காலம் வந்துவிட்டது என்பதற்கு இதுதான் அடையாளம்.

மராத்தியில் ‘வால்’ என்று சொல்லப்படுவது நம்மூர் மொச்சை, அவரை இனம்தான். கொங்கணில் விளைவது சிறு மணி, லேசான கசப்பு. முளைகட்டித் தோலுரித்து அவர்கள் வைக்கும் ‘பிர்டா’ என்ற குழம்புக்கு அந்தக் கசப்புதான் ருசி. நவம்பரில் நெல் அறுவடை முடிந்ததும், மண்ணில் ஈரம் இருக்கும்போதே விதை விழுந்துவிடும். அதற்குப் பிறகு தண்ணீர் கிடையாது. வயலில் மிச்சமிருக்கும் ஈரத்தையும் இரவுப் பனியையும் வைத்துக்கொண்டே செடி பூத்துக் காய்த்துவிடுகிறது. காவிரி டெல்டாவில் நெல் தரிசில் உளுந்தும் பயறும் போடுகிறவர்களுக்கு இந்தக் கணக்கை விளக்க வேண்டியதில்லை. அங்கே அறுவடைக்கு ஒரு வாரம், பத்து நாள் முன்பே நிற்கும் பயிரில் விதைப்பார்கள்; இங்கே அறுத்த பிறகு. மற்றபடி மழை விட்டுப்போன மிச்சத்தில் பருப்பு எடுக்கும் அதே வித்தைதான். வேரில் தழைச்சத்தும் தங்கும்.

களைதான் மசாலா

மொச்சையோடு சேர்ந்து, யாரும் விதைக்காத இன்னொரு செடியும் அந்த ஈரத்தில் முளைக்கிறது. மராத்தியில் ‘பாம்புர்டா’. தமிழில் காட்டுமுள்ளங்கி, நாறக்கரந்தை என்றெல்லாம் சொல்லும் செடி இதுதான். இலையைக் கசக்கினால் கற்பூரமும் ஓமமும் கலந்ததுபோல ஒரு காரமான வாடை. மாடுகூட அதை விரும்பித் தின்னாது. வரப்பிலும் தரிசிலும் களையாக மண்டிக் கிடக்கும். போப்டிக்கு இந்தக் களை இல்லாமல் முடியாது.

செய்முறை சொல்லச் சொன்னால் ஐந்து நிமிடத்தில் முடிந்துவிடும். பழைய மண்பானை ஒன்று, உள்ளே ஈரம் இல்லாமல் காய்ந்திருக்க வேண்டும். ஈரப்பானை தீயில் விரிசல் விடும். அடியிலும் பக்கங்களிலும் பாம்புர்டா தழையைக் கனமாக அடைக்கிறார்கள். அதன்மேல் முழு மொச்சைக் காய், தோலோடு. நடுநடுவே உருளைக்கிழங்கு, சர்க்கரைவள்ளிக்கிழங்கு, கீறிய சிறு கத்தரிக்காய். ஒவ்வொரு அடுக்குக்கும் கல் உப்பும் ஓமமும் தூவல். கோழிக்கறியோ முட்டையோ சேர்ப்பவர்கள், கறியில் மசாலா தடவி வாழை இலையில் கட்டி நடுவில் வைப்பார்கள். கடைசியில் பானையின் வாயையும் தழையால் இறுக்கி அடைத்துத் தரையில் கவிழ்த்துவிடுகிறார்கள். சுற்றிலும் வரட்டி, சுள்ளி, மேலே வைக்கோல். தீ வைத்தால் அரை மணி நேரம், சில நேரம் கொஞ்சம் கூடுதல்.

இதில் கவனிக்க வேண்டியது, பானைக்குள் ஒரு சொட்டுத் தண்ணீரோ எண்ணெயோ போவதில்லை என்பது. தழையிலும் காயிலும் இருக்கும் ஈரம்தான் ஆவியாகிறது. வாய் அடைபட்டுத் தரையில் கவிழ்ந்திருப்பதால் அந்த ஆவி மேலே தப்பிக்க வழியில்லை; பானைக்குள்ளேயே சுற்றிக் காயை வேகவைக்கிறது. காய், சுடும் பானையைத் தொடாமல் தழைதான் மெத்தைபோலக் காப்பாற்றுகிறது. தழை மெலிசாக வைத்த பானையில் ஓரத்துக் காய் கருகி, நடுக்காய் அரைவேக்காடாக நிற்கும். அதனால்தான் அனுபவஸ்தர்கள் காயைவிடத் தழைக்கு அதிக நேரம் செலவிடுகிறார்கள். வைக்கோல் சட்டென்று எரிந்து பானையைச் சூடேற்றிவிட்டு அடங்கும்; வரட்டியின் தணல்தான் நின்று வேகவைக்கும். வெறும் வைக்கோலை மட்டும் நம்பினால் நடக்காது.

வெந்ததா என்று திறந்து பார்க்க முடியாது. திறந்தால் ஆவி போய்விடும். பானையின் முதுகில் சில துளி தண்ணீர் தெளிப்பார்கள். ‘சர்’ரென்று சத்தம் வந்து துளி உடனே காய்ந்தால் சூடு போதும். அதற்குள் தழையின் வாடை மாறி, வெந்த மொச்சையின் மணம் வரப்பைத் தாண்டி வந்திருக்கும். மூக்கு பழகியவர்களுக்குத் தண்ணீர் சோதனையே தேவையில்லை. பிறகு தணலைத் தள்ளி, கோணியைப் பிடிதுணியாக்கிப் பானையை நிமிர்த்தி, வாழை இலையிலோ பழைய செய்தித்தாளிலோ கொட்டுகிறார்கள். செய்தித்தாள் வேண்டாம், மை ஒட்டும். வாழை இலைக்கு அந்த ஊரில் பஞ்சமா என்ன! தழையை ஒதுக்கிவிட்டு, காயைப் பல்லில் வைத்து இழுத்து மணியை மட்டும் தின்பது வழக்கம். தழையைத் தின்பதில்லை. அதன் வாசனை மட்டும் காயில் ஏறியிருக்கும்.

மருந்து அடித்த காய் ஆகாது

இந்தப் பானை வயலைப் பற்றி ஓர் உண்மையைக் காட்டிவிடுகிறது. போப்டியில் காய் தோலோடு, கொதித்த நீரை வடித்துக் கொட்டாமல் வேகிறது. மேலே ஒட்டியிருப்பது எதுவானாலும் உள்ளேயேதான் இருக்கும். மொச்சையில் காய்ப்புழு சாதாரணமாக வரும். அதற்கு முந்தைய வாரம் மருந்து அடித்த வயலிலிருந்து காய் பறித்துப் பானையில் போட எந்த வீட்டுக்காரரும் துணியமாட்டார். வரப்புக்குக் களைக்கொல்லி அடித்தால் பாம்புர்டாவும் போய்விடும். ஆகவே, போப்டி வைக்க நினைக்கிற குடும்பம் ஒரு மூலையையாவது மருந்து படாமல் விட்டாக வேண்டும்.

அதைவிடப் பெரிய ஆபத்து வேறு. வயலே மிஞ்சுமா என்பதுதான் அது. அலிபாக் கடற்கரை மும்பைக்காரர்களின் விடுமுறை வீட்டுக்குப் பேர்போனது. 2024 ஜனவரியில் மும்பைக்கும் நவசேவாவுக்கும் நடுவே 21.8 கிலோமீட்டர் நீளக் கடல் பாலம் திறந்த பிறகு, ராய்கட் இன்னும் கிட்டே வந்துவிட்டது. நிலம் இங்கே ‘குண்டா’ கணக்கில் கைமாறுகிறது. ஒரு குண்டா என்பது இரண்டரை சென்ட். நாற்பது குண்டா ஓர் ஏக்கர். நெல்லும் மொச்சையும் விளைந்த இடத்தில் சுற்றுச்சுவர் எழும்புகிறது. விற்றவரைக் குறை சொல்வதில் அர்த்தம் இல்லை. ஒரு போக நெல்லில் பிள்ளையின் கல்லூரிக் கட்டணம் வராது. ஆனால், இந்த மண்ணுக்கு ஒரு கதை உண்டு. அலிபாக் அருகே சரீ என்ற ஊரை மையமாக வைத்து, 1933 முதல் 1939 வரை ஆறு ஆண்டுகள் குத்தகை விவசாயிகள் நிலத்தில் ஏர் பூட்டாமல் வேலைநிறுத்தம் செய்தார்கள். விளைச்சலில் பெரும்பங்கை எடுத்துக்கொண்ட ‘கோத்’ என்ற நிலக்கிழார்களுக்கு எதிரான போராட்டம் அது. முன்னின்று நடத்தியவர் நாராயண் நாகு பாட்டில். அம்பேத்கர் துணை நின்றார். விறகு விற்றும் மீன் பிடித்தும் பிழைத்துக்கொண்டு, உழவர்கள் ஆறு ஆண்டு வயலைத் தரிசாகப் போட்டார்கள். அப்படிக் கிடைத்த நிலம்தான் இன்று குண்டா குண்டாகப் பிரிகிறது.

விற்காமல் வைத்திருப்பவர்களில் சிலர் வேறு வழி கண்டிருக்கிறார்கள். நகரத்துக் குடும்பங்களை வாரக்கடைசியில் வயலுக்கே அழைத்து, போப்டி வைத்துக் கொடுத்து, ஆளுக்கு இவ்வளவு என்று வாங்குகிறார்கள். கூடவே, 2022-ல் புவிசார் குறியீடு பெற்ற அலிபாக் வெள்ளை வெங்காயத்தைச் சரமாகப் பின்னி விற்கிறார்கள். அதே மாநிலத்தில் மலைக்கு அந்தப் பக்கம், புனே, சோலாப்பூர் வட்டாரங்களில் இந்த வியாபாரம் முந்திக்கொண்டது. அங்கே பானை இல்லை. பால் பிடித்து இறுகத் தொடங்கும் பச்சைச் சோளக்கதிரைக் குழியில் வரட்டித் தணலில் சுட்டு, உள்ளங்கையில் தேய்த்து உதிர்த்துத் தருகிறார்கள். ‘ஹுர்டா’ என்று பெயர். தொட்டுக்கொள்ளப் பூண்டுச் சட்னி, வெல்லம், தயிர். இதற்கென்றே ராஹுரி வேளாண் பல்கலைக்கழகம் ‘புலே உத்தரா’, ‘புலே மதுர்’ என்ற சோள ரகங்களை வெளியிட்டிருக்கிறது. மகாராஷ்டிர அரசும் 2020-ல் வேளாண் சுற்றுலாவுக்கென்று தனிக்கொள்கை கொண்டுவந்தது. வடக்கே குஜராத்தின் வல்சாட் பக்கம் போனால் போப்டியின் அண்ணன் முறை ‘உம்பாடியு’. ராசவள்ளிக்கிழங்கு, சர்க்கரைவள்ளி, அவரைக்காய் எல்லாம் பச்சை மசாலா தடவிக் கவிழ்த்த பானையில் வெந்து, நெடுஞ்சாலை ஓரக் கடைகளில் கிலோ கணக்கில் விற்பனை ஆகிறது. பனிக்காலம் முடிந்தால் கடையும் மூடிவிடும்.

நம்மூரில் வைக்கலாமா?

இதைப் படிக்கும் வாசகர்களுக்கு வரக்கூடிய முதல் கேள்வி இதுவாகத்தான் இருக்கும். தாராளமாக வைக்கலாம். கடலைக் கொல்லையில் செடியோடு சுட்டுத் தின்றவர்களுக்கும், பனங்கிழங்கைத் தணலில் புதைத்தவர்களுக்கும் இது புது வித்தை அல்ல. தருமபுரி, கிருஷ்ணகிரி பக்கம் மானாவாரி நிலக்கடலையில் ஊடுபயிராகப் போடும் மொச்சையும் அவரையும் மார்கழி, தையில் காய்க்குத் தயாராகிவிடும். முற்றிக் காய்ந்த மணி வேண்டாம். பச்சையாக, மணி திரண்ட காயே சரி. மொச்சை பச்சையாகத் தின்னும் பொருள் அல்ல என்பதால் நன்றாக வேகவேண்டும்.

தழை விஷயத்தில்தான் எச்சரிக்கை வேண்டும். காட்டுமுள்ளங்கியை அடையாளம் தெரிந்த பெரியவர்கள் காட்டிக்கொடுத்தால் மட்டும் பறிக்கலாம். பார்த்தீனியமும் இதே சூரியகாந்திக் குடும்பத்துச் செடி. இளஞ்செடியாக இருக்கும்போது, தெரியாத கண்ணுக்குக் குழப்பம் வரும். அது தொட்டாலே சிலருக்குத் தோல் தடிக்கும் விஷம். சந்தேகம் இருந்தால் வாழை இலை போதும். அந்தக் காரமான வாசனை கிடைக்காதுதான், ஆனால் காய் பழுதில்லாமல் வேகும். ஓமத்தைக் கொஞ்சம் கூட்டிக்கொள்ளலாம். பானை, சாயம் பூசாத சுட்ட மண்பானையாக இருக்கட்டும். நாலு முழம் சுற்றளவுக்குச் சருகையும் அரிதாளையும் செதுக்கி எடுத்துவிட்டு, ஒரு குடம் தண்ணீரைப் பக்கத்தில் வைத்துக்கொண்டே தீ மூட்ட வேண்டும். காற்று வீசுகிற மாலையில் வேண்டாம். கிளம்பும்போது சாம்பலில் கை வைத்துப் பார்க்கும் அளவுக்கு நனைத்துவிட்டு, காலையில் அந்தச் சாம்பலை வயலிலேயே இறைத்துவிடலாம்.