மாடிப்படி வம்பும் ஓர் ஊரின் மொழியும்

ஹாம்பர்க்



இங்கே மத்திய ரயில் நிலையத்தை ஒட்டிய சதுக்கத்துக்கு ஹைடி காபெல் என்ற நாடக நடிகையின் பெயரை வைத்திருக்கிறார்கள். அங்கேதான் ஓன்சோர்க் நாடக அரங்கு இருக்கிறது. 1902-இல் ரிச்சர்ட் ஓன்சோர்க் தொடங்கிய குழு. வட ஜெர்மனியின் துறைமுகங்களிலும் வயல்களிலும் புழங்கிய 'பிளாட்' மொழியில்தான் நாடகம் போடுவோம் என்று பிடிவாதமாக நின்ற குழு.

இந்தக் குழுவுக்கு நாடறிந்த புகழைத் தந்தது தொலைக்காட்சி. மேற்கு ஜெர்மனியில் அதன் அன்றாட ஒளிபரப்பு 1952 டிசம்பர் 25 அன்று ஆரம்பித்தது. காட்டுவதற்கு நிகழ்ச்சி வேண்டுமே! ஒத்திகை முடிந்த நாடகம், கைதேர்ந்த நடிகர்கள், சிரிப்பதற்கென்றே வந்த கூட்டம் எல்லாம் மக்கள் நாடக அரங்குகளில் தயாராக இருந்தன. 1953 அக்டோபர் 27 அன்று கொலோன் நகரில் வில்லி மில்லோவிச்சின் அரங்கிலிருந்து, முதல் உலகப்போர்ச் சிப்பாய்களைப் பற்றிய ஒரு நகைச்சுவை நாடகம் நேரடியாக ஒளிபரப்பானது. அடுத்த மார்ச்சில் ஓன்சோர்க் குழுவும் திரைக்கு வந்தது.

ஆனால் தெற்கே மியூனிக்கில் இருப்பவருக்கு பிளாட் புரியாது. அதனால் தொலைக்காட்சிக்கென்று வசனங்களைப் பொது ஜெர்மனுக்கு மாற்றி, உச்சரிப்பிலும் சில சொற்களிலும் மட்டும் வடக்கு வாசனையை விட்டுவைத்தார்கள்.

1960களில் ஒளிபரப்பான 'மாடிப்படி வம்பு' நாடகத்தின் பதிவைப் பார்த்தேன். கதை ஒரு குடியிருப்பின் மாடிப்படியில் நடக்கிறது. வீட்டுக்காரருக்குத் தெரியாமல் ஒருத்தி அறையை உள்வாடகைக்கு விடுகிறாள். ஹைடி காபெல் நடித்த மேட்டா போல்ட்டுக்கு எந்தக் கதவு திறந்தாலும் மூக்கு வியர்த்துவிடும். உடன் நடித்த ஹென்றி ஃபாலின் முணுமுணுப்புக்கு அரங்கமே குலுங்குகிறது. அந்தச் சிரிப்பும் சேர்ந்து ஒளிபரப்பானதால், வீட்டில் உட்கார்ந்திருந்தவர்களும் கூட்டத்தோடு கூட்டமாகச் சிரித்திருப்பார்கள்.

நாடே இந்த நடிகர்களைக் கொண்டாடியது. ஆனால் அந்த ரசிகர்களில் பெரும்பாலோர் கேட்டது அசல் பிளாட் இல்லை. இதை நான் இழப்பு என்று ஒதுக்க மாட்டேன். புகழ் வந்த பிறகும் ஓன்சோர்க் குழு தன் மேடையில் பிளாட்டைக் கைவிடவில்லை. இன்றும் அங்கே அந்த மொழி ஒலிக்கிறது. வட்டார மொழிகளுக்கான ஐரோப்பிய உடன்படிக்கையின் கீழ் ஜெர்மனி அதற்குப் பாதுகாப்பு அளித்தது 1999-இல்தான். அதுவரை அரசாணைக்குக் காத்திராமல் அதைப் பேசிக் காத்தவர்களில் இந்த நடிகர்களும் உண்டு.

வெளியூர்க்காரர்களுக்காக ஒரு மொழி கொஞ்சம் இளகிக் கொடுக்கலாம். உள்ளூரில் அது முழுசாகப் பேசப்படும் மேடையை மட்டும் எக்காரணம் கொண்டும் மூடிவிடக் கூடாது.

அன்புடன்,
உங்கள் ஹாம்பர்க் நண்பன்